கேட்டதும் கேட்காமல் விட்டதும் – வாசகர் கேள்வி பதில்

சென்ற இதழில் எழுதிய குறிப்பில் ஒரு வரி போட்டிருந்தேன்: "என் கதைகளில் பாதியை நான் எழுதினேன், மீதியைச் சாட்சிக் கூண்டு எழுதியது." சும்மா அழகுக்குப் போட்ட வரி. அதைப் பிடித்துக்கொண்டு இத்தனை பேர் குறுக்கு விசாரணைக்கு வருவீர்கள் என்று எதிர்பார்க்கவில்லை. கேட்டவர்களின் பெயரைப் போடவில்லை, ஊரை மட்டும் போட்டிருக்கிறேன். ஏனென்றால் இலக்கியக் கேள்வி என்று தொடங்கிய சிலர் கடைசிப் பந்தியில் மெதுவாகத் தங்கள் காணி வழக்கையும் சொருகியிருந்தார்கள். அதற்கு இங்கே பதில் இல்லை. காணி உறுதியை எடுத்துக்கொண்டு என் சட்ட அலுவலகத்துக்கு வாருங்கள்.

உப்புவெளி வாசகர்: முப்பது வருடமாகத் திருகோணமலை நீதிமன்றத்துக்குப் போய் வருகிறீர்கள். கட்சிக்காரர் சொல்வதை அப்படியே எழுதினாலே நூறு கதை வருமே. அப்படித்தான் எழுதுகிறீர்களா?

இல்லை. எழுதவும் கூடாது, எழுதினாலும் உருப்படாது.

கூடாது என்பதற்குக் காரணம் சட்டம். கட்சிக்காரர் தன் சட்டத்தரணியிடம் சொன்னதை அவருடைய சம்மதமில்லாமல் வெளியே விடக்கூடாது என்று சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 126ஆம் பிரிவு கட்டிப்போட்டிருக்கிறது. வழக்கு முடிந்து கணக்குத் தீர்த்த பிறகும் அந்தக் கட்டு அவிழாது. உருப்படாது என்பதற்குக் காரணம் வேறு. வெளியே இருந்து பார்க்கிறவர்களுக்கு நீதிமன்றம் ஒரு கதைக் களஞ்சியம் மாதிரித் தெரியும். உள்ளே வந்து ஒரு கிழமை இருந்து பாருங்கள்: வேலியை ஒன்றரை முழம் தள்ளிப் போட்டது, கொடுத்த காசோலை திரும்பி வந்தது, தாபரிப்புக் காசு கட்டாதது, கலியாண வீட்டில் கதிரையால் அடித்தது. இவைதான் மாறி மாறி வரும். ஐந்து வருடத்தில் ஒரு சட்டத்தரணி எல்லாக் கதைகளையும் கேட்டு முடித்துவிடுவார், அதற்குப் பிறகு ஆட்களின் பெயர்தான் புதிது.

நான் எடுத்துக்கொள்வது அவர்கள் கதைக்கிற விதத்தை. ஒரு வலைத் திருட்டு வழக்கு. ஆளையும் இடத்தையும் மாற்றிச் சொல்கிறேன், காற்றை மட்டும் மாற்றவில்லை. கிண்ணியாப் பக்கத்துக் கடற்றொழிலாளி ஒருவர் கூண்டில் நிற்கிறார். எதிரியை, அதாவது குற்றஞ்சாட்டப்பட்டவரை, எத்தனை மணிக்குக் கண்டீர்கள் என்று கேட்டேன். "சுபஹ் தொழுதிட்டு வள்ளத்தடிக்குப் போனன் சேர், கச்சான் காத்து இன்னும் எழும்பல்ல" என்றார். மணியைச் சொல்லுங்கள் என்றேன். "வெளிச்சம் வந்தும் வராத நேரம். முகம் தெரியாது, நடை தெரியும்." நடையை வைத்து ஆளைச் சொல்வீர்களா? "ஒரே வள்ளத்தில பத்து வருசம் சேர். அவன் மணலில நடந்தா இடது கால் கொஞ்சம் கூடப் புதையும்."

பதிவேட்டில் ஏறியது இது: 'அதிகாலை சுமார் 5.30 மணியளவில் எதிரியைக் கண்டேன். அவர் நடந்து சென்ற விதத்தைக் கொண்டு அடையாளம் கண்டேன்.' பதிவில் ஒரு பிழையும் இல்லை. ஆனால் காற்று போய்விட்டது, பத்து வருசம் போய்விட்டது, பழைய கூட்டாளியைக் காட்டிக்கொடுக்கிறோமே என்று அந்த இடது காலைச் சொல்லும்போது அவர் குரலை இறக்கினாரே, அதுவும் போய்விட்டது. பதிவேட்டுக்குத் தேவைப்படாமல் தரையில் உதிர்ந்து கிடக்கிற இந்த மாதிரிச் சாமான்களைத்தான் பின்னேரம் பொறுக்கிக்கொண்டு வீட்டுக்குப் போகிறேன். அந்த வழக்கில் என்ன தீர்ப்பு என்று கேட்டால் எனக்கு இப்போது ஞாபகமில்லை. இடது கால் ஞாபகம் இருக்கிறது.

கிண்ணியா, சட்டம் படிக்கும் மாணவர்: எனக்குச் சிறுகதை எழுத ஆசை. சாட்சியச் சட்டத்தைப் படிக்கப் படிக்க அந்த ஆசையே வற்றிப்போகிறது. இந்தச் சட்டம் கதைக்கு எந்த வகையிலாவது உதவுமா?

தம்பி, எனக்கு எழுதப் பழக்கிய புத்தகமே அதுதான். 60ஆம் பிரிவை இன்னொரு தரம் எடுத்துப் பாருங்கள். வாய்மொழிச் சாட்சியம் நேரடியாக இருக்கவேண்டும்: கண்ணால் காணக்கூடியது என்றால் கண்டவர் வந்து சொல்லவேண்டும், காதால் கேட்கக்கூடியது என்றால் கேட்டவர் வந்து சொல்லவேண்டும். இதை உங்கள் கதையின் ஒவ்வொரு வரிக்கும் போட்டுப் பாருங்கள். 'அவள் மனமுடைந்து போனாள்' என்று எழுதியிருக்கிறீர்கள். யார் கண்டது? எதிர்த்தரப்புச் சட்டத்தரணி உடனே எழும்பி ஆட்சேபிப்பார், அவர் சொல்வதும் சரி. 'உலையில் அரிசியைப் போட்டுவிட்டு, மறுபடியும் அரிசி கழுவப் போனாள்' என்று எழுதுங்கள், அது கண்கண்ட சாட்சி. மனம் உடைந்ததா இல்லையா என்பதை வாசிக்கிறவர் தீர்மானிக்கட்டும், அவர்தானே நீதிபதி.

ஆனால் ஒரு இடத்தில் சட்டத்தைத் தலைகீழாகப் பிடிக்கவேண்டும். கேள்விச் சாட்சியத்தை, அதாவது 'அவர் சொன்னதாக இவர் சொன்னார்' என்ற பேச்சை, நீதிமன்றம் பொதுவாக வாசலிலேயே நிறுத்திவிடும். கதைக்கு அது பொன். எங்கள் பஸ் நிலையத்தில் காலையில் ஒருவர் வழுக்கி விழுந்தால் பின்னேரம் மடத்தடிச் சந்தியில் அவர் செத்துப்போயிருப்பார், மறுநாள் செத்தவீட்டுக்கு யார் யார் வரவில்லை என்பது வரைக்கும் ஊர் சொல்லும். அந்த 'ஊர் சொல்லும்' என்ற குரலைக் கூண்டில் ஏற்ற முடியாது. கதைக்குள் அது வரத்தான் வேண்டும், அது இல்லாத கிராமத்துக் கதை எனக்கு நில அளவைப் படம் மாதிரி இருக்கும்.

இன்னொன்று, வற்றிப்போன ஆசைக்குத் தண்ணீர் ஊற்றுவதற்காகச் சொல்கிறேன். எங்கள் சாட்சியக் கட்டளைச் சட்டம் 1895ஆம் ஆண்டின் 14ஆம் இலக்கம், 1872இல் இந்தியாவுக்கு எழுதிய சட்டத்தைப் பார்த்துச் செய்தது. அந்த இந்தியச் சட்டத்தை எழுதியவர் ஜேம்ஸ் பிட்ஸ்ஜேம்ஸ் ஸ்டீபன். அவருடைய தம்பி லெஸ்லி ஸ்டீபனின் மகள்தான் வர்ஜீனியா வுல்ஃப். பெரியப்பா 'கண்டவன் வந்து கண்டதைச் சொல்' என்று சட்டம் எழுதிவைத்தார். யாரும் காணமுடியாத மனதின் ஓட்டத்தைத் தம்பி மகள் நாவலாக எழுதிவிட்டுப் போனார். ஒரே குடும்பம்! சோதனைக்குப் படிக்கும்போது இதை நினைத்துக்கொள்ளுங்கள், கொஞ்சம் சுலபமாக இருக்கும்.

மட்டக்களப்பு வாசகர்: நீதிமன்றத்தில் வேலை செய்தவர்கள் தமிழில் நாவல் எழுதிய மரபு ஏதும் உண்டா, அல்லது இதெல்லாம் அமெரிக்கச் சமாசாரமா?

அமெரிக்கர் பிறகுதான். எங்கள் இரண்டு கரையிலும் முதல் தமிழ் நாவலை எழுதியவர் நீதிமன்றத்து ஆள்தான், இதை ஏன் யாரும் பெரிதாகச் சொல்வதில்லை என்று எனக்குத் தெரியவில்லை. 1879இல் பிரதாப முதலியார் சரித்திரத்தை வெளியிட்ட மாயூரம் வேதநாயகம் பிள்ளை நீதிமன்றத்தில் ஆவணக் காப்பாளராகவும் மொழிபெயர்ப்பாளராகவும் இருந்து பிறகு முன்சீப் ஆனவர். 1885இல் அசன்பே சரித்திரம் எழுதிய சித்திலெப்பை கண்டியில் பிரக்கிராசி. பிரக்கிராசி, அப்புக்காத்து என்ற சொற்கள் இன்றைய பிள்ளைகளுக்குத் தெரியாது. அந்த இரண்டு வக்கீல் வகுப்பையும் 1974இல் ஒன்றாக்கிச் சட்டத்தரணி என்று ஆக்கினார்கள். எங்கள் அம்மம்மா சாகும்வரை என்னை அப்புக்காத்து என்றுதான் சொன்னார், அதில் ஒரு கெத்து இருந்தது.

வேதநாயகம் பிள்ளையை வாசித்தால் நீதிமன்றம் எங்கே இருக்கிறது என்று தெரியும். ஒரு கருத்தைச் சொல்வார், உடனே அதற்கு ஒரு குட்டிக்கதை, இன்னொரு குட்டிக்கதை. நாங்கள் வாதத்துக்கு முன்தீர்ப்புக் காட்டுகிற மாதிரியேதான். நாவலின் வேகத்துக்கு அது நல்லதில்லை என்பது என் அபிப்பிராயம், ஆனால் அந்த மனிதர் எங்கே உட்கார்ந்து யோசிக்கப் பழகினார் என்பதை அது சொல்லிவிடுகிறது. தமிழ்நாட்டு நீதிமன்றத்தில் தமிழ்ச் சனங்களுக்காகப் பேசும் வக்கீல் ஏன் இங்கிலீசில் வாதாடவேண்டும் என்று அந்த நாவலுக்குள்ளேயே சண்டை பிடிக்கிறார். மொழிபெயர்ப்பாளராக இருந்தவருக்குத்தான் அந்த எரிச்சல் வரும்.

திருகோணமலைக்காரரை விட்டுவிட்டேன் என்று கடிதம் வரும் முன் சொல்லிவிடுகிறேன். ஊசோன் பாலந்தை கதை எழுதிய இன்னாசித்தம்பி எங்களூர், அது 1891. மோகனாங்கி எழுதிய த. சரவணமுத்துப்பிள்ளையும் எங்களூர்தான், அது 1895. மேலே சொன்ன சாட்சியச் சட்டம் வந்த அதே வருடம். சரவணமுத்துப்பிள்ளை நீதிமன்றத்து ஆள் கிடையாது, சென்னையில் நூலகராக இருந்தவர். மரபு என்று வந்தால் ஊர்ப்பற்றையும் கொஞ்சம் அனுமதிக்கவேண்டும்.

நாவலுக்கும் முன்னால் போவதென்றால் பெரியபுராணத்துக்குப் போங்கள். சுந்தரருக்குக் கலியாணம் நடக்கப் போகிறது, ஒரு கிழவர் வந்து 'நீ என் அடிமை, ஓலை இருக்கிறது' என்று மறிக்கிறார். சுந்தரர் ஓலையைப் பறித்துக் கிழித்துவிடுகிறார். திருவெண்ணெய்நல்லூர்ச் சபையில் வழக்கு ஏறுகிறது. ஆட்சி, ஆவணம், அயலார் காட்சி என்ற மூன்றில் ஒன்றைக் காட்டு என்று சபையார் கேட்கிறார்கள். கிழவர் நிதானமாகச் சொல்கிறார், அவன் கிழித்தது படியோலைதான், மூல ஓலை என்னிடம் இருக்கிறது என்று. அப்புறம் பாட்டனாரின் கையெழுத்தை வேறொரு ஓலையோடு வைத்து ஒப்பிட்டுப் பார்க்கிறார்கள். அசல், நகல், கையெழுத்து ஒப்பீடு, இன்று மாவட்ட நீதிமன்றத்தில் நான் செய்வது அதேதான். வழக்காளியாக வந்தவர் சிவபெருமான் என்பது ஒன்றுதான் வித்தியாசம். குறுக்கு விசாரணை செய்தாலும் அவரிடம் வெல்ல முடியாது.

கொழும்பு வாசகர்: சினிமாவிலும் கதைகளிலும் வரும் நீதிமன்றக் காட்சிகளில் உங்களை அதிகம் எரிச்சல்படுத்துவது எது?

சுத்தியல். நான் நின்ற எந்த மன்றிலும் நீதிபதி சுத்தியலால் தட்டி நான் கண்டதில்லை. அது கூடப் பரவாயில்லை. பெரிய பொய் என்னவென்றால் எல்லாம் ஒரே நாளில் நடப்பது. உண்மையான நீதிமன்றத்தின் கதாநாயகன் தவணைதான். சாட்சி வரவில்லை, தவணை. பொலிஸ் அறிக்கை வரவில்லை, தவணை. வழக்குப் போட்டபோது மடியில் இருந்த பிள்ளை சாட்சி சொல்ல வரும்போது மீசையோடு வரும். அந்தக் காத்திருப்பை எழுதிக்காட்டிய தமிழ்க் கதை குறைவு.

இன்னொரு சின்ன எரிச்சலும் உண்டு. ஒரு கதையில் நீதிமன்ற வாசலில் புள்ளிமான் ஒன்று நின்று ஒருவரின் அழைப்பாணைக் கடதாசியைத் தின்றதாக எழுதியிருந்தேன். கொழும்பில் ஒரு நண்பர் வாசித்துவிட்டு 'மாயயதார்த்தம் நன்றாக வந்திருக்கிறது' என்றார். அண்ணே, திருகோணமலை ரோட்டில் மான் திரிவதை மாடு திரிவது மாதிரித்தான் நாங்கள் பார்க்கிறோம். அது யதார்த்தம் மட்டும்தான்.

மூதூர், ஆசிரியை: உங்கள் கதைகளில் சிங்களம் பேசுகிற பாத்திரங்கள் வரும்போது சில சொற்களை மொழிபெயர்க்காமல் விடுகிறீர்கள். வேண்டுமென்றா?

வேண்டுமென்றுதான் டீச்சர். இதைக் கற்றுத்தந்தது ஒரு முதலியார். வெளியூர் வாசகர்களுக்குச் சொல்கிறேன், எங்கள் நீதிமன்றங்களில் மொழிபெயர்ப்பவரை முதலியார் என்போம். இங்கே வழக்கு தமிழில் நடக்கும், சிங்களச் சாட்சி வந்தால் முதலியார் இடையில் நின்று இரண்டு பக்கத்துக்கும் வாயாக இருப்பார். ஒருமுறை வயதான விவசாயி ஒருவர் கூண்டில் ஏறியதும், கேள்வி கேட்பதற்கு முன்னமே, "அனே மாத்தயா" என்றார். முதலியார் கெட்டிக்காரர், கண்மூடித் திறப்பதற்குள் மொழிபெயர்க்கிறவர். அன்று ஒரு கணம் நின்றார். பிறகு "ஐயா" என்று மட்டும் சொன்னார். தேநீர் இடைவேளையில் கேட்டேன், 'அனே' எங்கே போனது? "ஐயோ எண்டு சொன்னா கூடிப்போகும் சேர், சொல்லாம விட்டாக் குறைஞ்சு போகும். குறைஞ்சா பரவாயில்லை எண்டு விட்டிட்டன்" என்றார். நான் கதையில் அந்த 'அனே'யை அப்படியே விட்டேன். புரியாதவர்கள் பக்கத்து வீட்டில் கேட்டுக்கொள்ளட்டும்.

மொழி புரியாமல் கூண்டில் நிற்பது எப்படி என்று அறிய ஒரு நாவலைத்தான் எல்லோருக்கும் சொல்வேன். மேலே சொன்ன வர்ஜீனியாவின் கணவர் லெனார்ட் வுல்ஃப், 1908 முதல் 1911 வரை அம்பாந்தோட்டையில் உதவி அரசாங்க அதிபர், அந்தப் பதவியோடு வழக்கு விசாரிக்கும் வேலையும் சேர்ந்து வந்தது. ஊருக்குத் திரும்பிப் போய் 1913இல் ஒரு காட்டுக் கிராமத்தைப் பற்றி 'The Village in the Jungle' என்ற நாவலை வெளியிட்டார். அதில் நீதிமன்றம் ஒரு குன்றின் மேல் இருக்கிறது, ஆசனத்தில் இருக்கும் நீதவானுக்குத் திறந்த கதவால் குடாவும் அதற்கப்பால் காடும் தெரிகிறது. எதிரிகளாக நிற்கும் காட்டு மனிதர்களுக்கோ தங்களைச் சுற்றி என்ன நடக்கிறது என்றே விளங்கவில்லை. தான் உட்கார்ந்த கதிரையை எதிரியின் கண்ணால் பார்த்து எழுதியிருக்கிறார் மனிதர். அது லேசான வேலையில்லை. முப்பது வருடம் போய் வந்த நானே கூண்டுக்குள் ஒரு தரம் ஏறி நின்று பார்த்ததில்லை. ஆட்கள் இல்லாத மத்தியானத்தில் ஒரு நாள் ஏறிப் பார்க்கலாமென்று கிட்டப் போனேன், ஏதோ கூச்சம், திரும்பி வந்துவிட்டேன்.

யாழ்ப்பாணம் வாசகி: நீதிமன்றம் உங்கள் எழுத்துக்குக் கொடுத்ததைச் சொல்கிறீர்கள். கெடுத்தது ஒன்றும் இல்லையா?

நல்ல அடி. இருக்கிறது, நிறைய.

ஜூனியராகச் சேர்ந்த முதல் மாதமே சீனியர் காதில் ஓதுவது இது: குறுக்கு விசாரணையில் பதில் தெரியாத கேள்வியைக் கேட்காதே. பதிலையும் கேள்விக்குள்ளேயே வைத்துக் கேள், சாட்சிக்கு 'ஓம்' சொல்வதைத் தவிர வேறு வழி வைக்காதே. வழக்குக்கு இது உயிர். இதே பழக்கத்தோடு கதை எழுத உட்கார்ந்தேன் பாருங்கள், என் பாத்திரங்கள் எல்லாம் என்னிடம் 'ஓம்' சொல்லிக்கொண்டே இருந்தார்கள். யாரும் கேட்காததைச் சொல்லவில்லை, யாரும் இடையில் எழும்பிப் போகவில்லை. ஒவ்வொரு கதை முடிவிலும் யார் பக்கம் நியாயம் என்று நான் தீர்ப்பும் கொடுத்துவிடுவேன். என் மனைவி ஒரு கையெழுத்துப் பிரதியை வாசித்துவிட்டு, "இதில முறைப்பாடு இருக்கு, மறுமொழி இருக்கு, தீர்ப்பும் இருக்கு. எல்லாரும் கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் சொல்லுறாங்கள். எங்கட வீட்டில ஆராவது அப்பிடிக் கதைக்கிறாங்களா?" என்று கேட்டுவிட்டு மீன் கழுவப் போய்விட்டார்.

கையெழுத்துப் பிரதி என்ன கதை என்றால், கொட்டியாரக் குடாவுக்கு அந்தப் பக்கத்துக் கிராமத்திலிருந்து 2006இல் இடம்பெயர்ந்து, பத்து வருடம் கழித்துத் திரும்பிய ஒரு அம்மா. காணி உறுதியைப் பொலித்தீன் பையில் சுற்றி, பால்மாப் பேணிக்குள் வைத்து, முகாம் முகாமாகத் தூக்கித் திரிந்திருக்கிறார். உறுதியில் கிழக்கே பூவரசு வேலி, தெற்கே ஒழுங்கை என்று எழுதியிருக்கிறது. போய்ப் பார்த்தால் வேலியும் இல்லை, ஒழுங்கையும் இல்லை, எல்லாம் பற்றைக் காடு. நில அளவையாளர் எல்லைக் கல்லைத் தேடுகிறார். அந்த அம்மா நடுவில் போய் நின்று, "குசினிக் கதவால பாத்தா கோயில் அரசமரம் தெரியும், கதவு இங்கதான்" என்று சொல்லி, இல்லாத கதவைக் கையால் தள்ளித் திறந்துகொண்டு உள்ளே போகிறார்.

முதல் பிரதியில் இதை நான் ஆதாரமாக்கினேன். அரசமரத்தின் திசையை வைத்து எல்லையைக் கணக்குப் போட்டு, கல் அகப்பட்டு, வழக்கு வென்று, சுபம். கெட்டிக்காரத்தனமான கதைதான், ஒரு பத்திரிகை போடவும் சம்மதித்தது. மனைவி சொன்ன பிறகு திருப்பி வாங்கி, கல் அகப்படுவதற்கு முன்னாலேயே வெட்டினேன். இப்போது கதை முடிகிற இடத்தில் அந்த அம்மா இல்லாத வீட்டை அறை அறையாகக் காட்டிக்கொண்டு போகிறார், பின்னால் அளவுச் சங்கிலியோடு வருகிற பெடியனைத் திரும்பிப் பார்த்து, "தம்பி, செருப்பைக் கழட்டிட்டு வாங்கோ, அது சாமியறை" என்கிறார். அவன் கழற்றுகிறான். அவ்வளவுதான். இதில் எது நடந்தது, எது நான் போட்டது என்று கேட்டு இன்னொரு கடிதம் எழுதவேண்டாம். 126ஆம் பிரிவு!

வவுனியா வாசகர்: எங்கள் குடும்பத்துக் காணிச் சண்டையை நாவலாக எழுதுகிறேன். பெயர்களை மாற்றிவிட்டால் போதும்தானே?

போதாது. பெயர் மாறினாலும் ஊரில் வாசிக்கிறவர் 'இது இன்னார்தான்' என்று கைநீட்டிச் சொல்ல முடிந்தால் மானநட்டம் மானநட்டம்தான். குற்றவியல் அவதூறு 2002இல் எங்கள் தண்டனைச் சட்டக் கோவையிலிருந்து நீக்கப்பட்டது, அதனால் மறியலுக்குப் போகமாட்டீர்கள், ஆனால் சிவில் வழக்குப் போட்டு நட்டஈடு கேட்கலாம். வழக்கு இன்னும் நடந்துகொண்டிருக்கிறது என்றால் இன்னும் கவனம், நீதிமன்ற அவமதிப்புக்கு 2024இல் தனிச் சட்டமே வந்திருக்கிறது. தீர்ப்பு வரும்வரை பொறுங்கள். நாவல் அதற்குள் முடியாது, பயப்படாதீர்கள், வழக்கும் முடியாது.

சட்டத்தை விட்டுவிட்டு எழுத்தாளனாகச் சொல்வதென்றால், சித்தப்பாவின் பெயரைத் தூக்கிவிட்டுச் சித்தப்பாவை அப்படியே வைப்பதில் உங்களுக்கு என்ன லாபம்? அவருடைய வாய்ப்பேச்சை எதிர்த்தரப்புக்காரருக்குக் கொடுத்துப் பாருங்கள். உங்களுக்குப் பிடிக்காதவர் உங்கள் அப்பா மாதிரிக் கதைக்கத் தொடங்கினால் நாவல் எங்கே போகிறது என்று பார்க்கலாம்.

நிலாவெளி வாசகர்: பகல் முழுக்க வழக்கு. எப்போது எழுதுகிறீர்கள்?

ஜோன் கிரிஷாம் விடிய ஐந்து மணிக்கு எழும்பி எழுதினாராம், ஸ்கொட் டுரோ சிகாகோவில் வேலைக்குப் போகும் ரயிலில் எழுதினாராம். இருவரும் நாவல் எழுதிய அமெரிக்கச் சட்டத்தரணிகள். எனக்கு விடிய எழும்பினால் தலையிடிக்கும், ரயிலில் போனால் நித்திரை வரும். நான் எழுதப் பழகியது பாதையில். பாதை என்றால் ரோட்டு இல்லை, வாகனத்தை ஏற்றி இறக்கும் மிதவை. 2009இல் கிண்ணியாப் பாலம் திறக்கும்வரை அந்தப் பக்கம் போகவேண்டுமென்றால் பாதைக்குக் காத்திருக்கவேண்டும். மூதூர் நீதிமன்றத்துக்கு லாஞ்சில் போன நாட்களும் உண்டு, மடியில் வழக்குக் கோவை, கோவையின் பின்பக்கத்தில் பென்சிலால் கதை, உப்புத் தண்ணி தெறித்துப் பாதி அழிந்துபோகும். பாலம் வந்தது ஊருக்கு நல்லது. என் எழுத்து அதற்குப் பிறகு குறைந்துவிட்டது என்பதும் உண்மை. இப்போது வழக்குக் கூப்பிடும்வரை கிடைக்கிற நேரத்தில் எழுதுகிறேன், முன்னே சொன்ன தவணைக்கு நான் இவ்வளவு மரியாதை கொடுப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

திருக்கோணமலை நகரம், பெயரும் ஊரும் போடவேண்டாம் என்று சொன்னவர் (ஊரைப் போட்டுவிட்டேன், மன்னிக்கவும்): கேட்கவேண்டும் என்று நினைத்து, கேட்காமல் விட்ட கேள்வி ஏதாவது உண்டா?

உண்டு, ஒன்று.

மாதச் சீட்டுக் காசு வழக்கு. நான்கு வருடம் இழுத்தது. எதிர்த்தரப்புச் சாட்சியாக ஒரு அம்மா, எழுபது வயதிருக்கும், ஒரு தவணை தவறாமல் வருவார். வெளியே வேப்பமரத்தடியில் உட்கார்ந்து, மத்தியானமானால் பையிலிருந்து இரண்டு சோற்றுப் பார்சல் எடுப்பார். இரண்டையும் மடியில் வைத்துக்கொண்டு ஒன்றைப் பிரித்துச் சாப்பிடுவார், மற்றதை அப்படியே பைக்குள் திருப்பி வைப்பார். முதலில் அவருடைய சட்டத்தரணிக்காக்கும் என்று நினைத்தேன், இல்லை. யாரோ வரவேண்டும் போலிருக்கிறது என்று நினைத்தேன், நான்கு வருடத்தில் யாரும் வரவில்லை.

ஒருநாள் அவரைக் குறுக்கு விசாரணை செய்ய எனக்கு முறை வந்தது. சீட்டுக் கொப்பி, திகதிகள், கையெழுத்துகள், எல்லாம் கையில் இருந்தன. பதில் தெரிந்த கேள்விகள்தான், ஒன்றன் பின் ஒன்றாகக் கேட்டேன், எனக்கு வேண்டியபடி எல்லாவற்றுக்கும் 'ஓம்' என்றார். நீதிபதி நிமிர்ந்து பார்த்து வேறு கேள்விகள் உண்டா என்றார். கூண்டின் கால்மாட்டில் அந்தப் பை இருந்தது. வேறு கேள்விகள் இல்லை என்று சொல்லிவிட்டு இருந்துவிட்டேன்.

அந்த இரண்டாவது பார்சலைப் பற்றி மூன்று கதை எழுதியிருக்கிறேன். ஒன்றில் அது வெளிநாட்டுக்குப் போன மகனுக்கு, ஒன்றில் கூடவே வந்து பழகிச் செத்துப்போன புருஷனுக்கு, ஒன்றில் வீட்டு நாய்க்கு. நாய்க்கதை மட்டும்தான் அச்சில் வந்தது, அதையும் இப்போது வாசித்தால் எனக்கு நம்பிக்கை வரவில்லை. போன மாதம் மீன் சந்தையில் அந்த அம்மாவைக் கண்டேன். அவருக்கு எதிராக நின்றவன் நான் என்பது அவருக்கு ஞாபகம் இருந்ததோ இல்லையோ, முகம் நிறையச் சிரித்து, "மகன், சுகமா இருக்கிறியளா?" என்று கேட்டார். கையில் சூடை மீன். சுகமாக இருக்கிறேன் அம்மா என்றேன். அவர் இன்னும் ஏதோ நான் கேட்பேன் என்பது போல நின்றுகொண்டிருந்தார். சூடை கிலோ என்ன விலை என்று கேட்டேன்.